மாயா பிளிசெட்ஸ்காயா: நாட்டை விட்டு வெளிய விடாத அன்னம்

1956 அக்டோபர். மாஸ்கோ பல்ஷோய் தியேட்டரோட பாலே குழு லண்டன் போகுது. 1917 ரஷ்யப் புரட்சிக்கு அப்புறம் அந்த குழு இவ்ளோ பெரிய அளவுல மேற்கு நாட்டுக்குப் போய் ஆடறது அதுதான் முதல் தடவை, லண்டனோட கோவென்ட் கார்டன் அரங்கு வாசல்ல டிக்கெட்டுக்காக ஜனங்க ராத்திரி பூரா ரோட்லயே கிடந்தாங்க. ஆனா 'ஸ்வான் லேக்' பாலேன்னு சொன்னா மாஸ்கோக்காரங்களுக்கு எந்த முகம் ஞாபகம் வருமோ அந்த ஆள் பேர் மட்டும் லிஸ்ட்ல இல்ல. மாயா பிளிசெட்ஸ்காயா, வயசு 30, உடம்பும் ஆட்டமும் உச்சத்துல இருக்கிற நேரம். உடம்பு சரியில்லன்னோ ஆட்டத்துல குறைன்னோ யாரும் சொல்லல, பாஸ்போர்ட் கிடையாது, அவ்ளோதான்.

அவங்க என்ன பண்ணாங்கன்னா, லண்டன் போகாம மாஸ்கோல மிச்சம் இருந்த ஆட்களை வச்சுக்கிட்டு அதே மாசம் பல்ஷோய் மேடையில 'ஸ்வான் லேக்' ஆடினாங்க. விஷயம் ஊருக்கே தெரியும், அதனால ஹால் பொங்கி வழிஞ்சுது. அவங்க மேடைக்கு வந்து நின்ன உடனே ஆரம்பிச்ச கைதட்டல், ஆட்டத்தையே நிறுத்திடற அளவுக்கு போச்சு. யாரும் ஒரு கோஷம் போடல, நோட்டீஸ் விடல, கை தட்டினாங்க, பேரைச் சொல்லி கத்தினாங்க, அதுவே எதிர்ப்பா மாறிடுச்சு. ரொம்ப கத்தின ரசிகர்களை போலீஸ் வெளிய இழுத்துட்டு போனதா அவங்களே பின்னாடி எழுதியிருக்காங்க.

ஒரு அரசாங்கம் தன்னோட ஊர்ல கைதட்டலைப் பாத்து பயப்படுதுன்னா அங்க என்ன நடந்துட்டிருந்துச்சுன்னு தெரிஞ்சுக்கணும்னுதான் இந்த கேஸை ஆரம்பத்துல இருந்து எடுத்துப் பாத்தேன். மாயாவைப் பத்தி ரெண்டு விதமா பேசறவங்க இருக்காங்க, ஒரு பக்கம் "சோவியத் அரசோட செல்லப்பிள்ளை, லெனின் பரிசு வாங்கினவங்க", இன்னொரு பக்கம் "அடக்குமுறைய எதிர்த்து நின்ன வீராங்கனை". எனக்கு ரெண்டுமே பாதி உண்மையாத்தான் தெரியுது. அரசுக்கு அவங்க தேவை, அதே சமயம் அவங்கள நம்பவும் முடியல. அந்த தேவைதான் தன் கையில இருக்கிற ஒரே துருப்புச்சீட்டுன்னு அவங்க புரிஞ்சுக்கிட்டு, அதை எப்ப இறக்கணும் எப்ப இறக்கக் கூடாதுன்னு கணக்குப் பாத்து ஆடியிருக்காங்க.

முதல்ல வீட்டுக் கதை, இது தெரியாம மிச்சம் எதுவும் புரியாது.

1925 நவம்பர் 20, மாஸ்கோல பிறந்தாங்க. அம்மா ராகில் மெஸ்ஸரர், ஊமைப்பட காலத்து நடிகை. அப்பா மிகைல் பிளிசெட்ஸ்கி, புரட்சிய மனசார நம்பின கம்யூனிஸ்ட். நார்வேக்கு வடக்க துருவப் பகுதியில ஸ்பிட்ஸ்பெர்கன்னு ஒரு தீவு, வருஷத்துல பல மாசம் சூரியனே எட்டிப் பாக்காது, அங்க இருந்த சோவியத் நிலக்கரி சுரங்கத்துக்கு அவர்தான் தலைமை, சோவியத் துணைத்தூதரும் அவரே. சின்ன வயசுல மாயா கொஞ்ச காலம் அந்தப் பனிக்குள்ளதான் வளர்ந்தாங்க. அங்க அப்பா வேலை போட்டுக் கொடுத்த பழைய நண்பர் ரிச்சர்ட் பிக்கெல், ஒரு காலத்துல, ஸ்டாலினுக்கு எதிரியா ஆன கட்சித் தலைவர் ஜினோவியெவோட செயலாளரா இருந்தவர். 1936 ஆகஸ்ட்ல நடந்த முதல் மாஸ்கோ வழக்குல பிக்கெலை குற்றவாளிக் கூண்டுல நிக்க வச்சு, மரண தண்டனை கொடுத்து சுட்டுட்டாங்க. அப்புறம் அவரோட பழகினவங்க எல்லார் வீட்டுக் கதவும் தட்டப்படப் போகுதுன்னு சொல்லவே வேண்டாம்.

1937 ஏப்ரல் 30, மே தினத்துக்கு முந்தின நாள், அப்பாவைக் கூட்டிட்டு போனாங்க. 1938 ஜனவரி 8 சுட்டாங்க, அவர் என்ன ஆனார்னு குடும்பத்துக்கு சரியா தெரிய வரவே பல வருஷம் ஆச்சு. ரெண்டு மாசம் கழிச்சு 1938 மார்ச்ல அம்மாவை கைது பண்ணாங்க, கையில எட்டு மாசக் குழந்தை அஸாரி. கஜகஸ்தான்ல அக்மோலின்ஸ்க் பக்கம் ஒரு முகாம், அதோட பேரே 'தாய்நாட்டுத் துரோகிகளின் மனைவிகளுக்கான முகாம்'. பொண்டாட்டியா இருந்ததுதான் குற்றம், எட்டு வருஷம் தண்டனை.

12 வயசு மாயா அனாதை இல்லத்துக்குப் போயிருக்க வேண்டியவங்க. காப்பாத்தினது சித்தி சுலமித் மெஸ்ஸரர். பல்ஷோய்ல முன்னணி ஆட்டக்காரி, அதுக்கு மேல நாட்டோட நீச்சல் சாம்பியனா இருந்தவங்க வேற. மாயாவை சித்தி எடுத்துக்கிட்டாங்க, தம்பி அலெக்ஸாந்தரை தாய்மாமா அஸாஃப் மெஸ்ஸரர் எடுத்துக்கிட்டார், அவரும் பல்ஷோய் நட்சத்திரம்தான். சித்தி அதோட விடல, அக்காவுக்காக அலுவலகம் அலுவலகமா ஏறி இறங்கி, முகாம்ல இருந்து சிம்கென்ட்ங்கிற ஊருக்கு நாடுகடத்தலா தண்டனைய மாத்த வச்சாங்க. 1941ல, போர் வெடிக்கறதுக்கு கொஞ்சம் முன்னாடி, அம்மா மாஸ்கோ திரும்பினாங்க.

இங்க ஒரு விஷயம் எனக்கு உறுத்திட்டே இருக்கு. துரோகின்னு சுடப்பட்டவரோட பொண்ணு பல்ஷோயோட பள்ளிக்கூடத்துல தொடர்ந்து படிச்சுக்கிட்டே இருந்தா. 1934ல எட்டு வயசுல சேர்ந்தது, அப்பா போனப்பவும் அம்மா போனப்பவும் தினம் காலைல பயிற்சிக் கம்பியைப் பிடிச்சு நின்னு, பிளியேங்கற முழங்கால் மடக்கற பயிற்சி பண்ணியிருக்கா. திறமை இருக்குன்னு வாத்தியார்களுக்குத் தெரிஞ்சுது, சித்தியும் மாமாவும் அதே கட்டடத்துல இருந்தாங்க, அதான் தப்பிச்சா. பல்ஷோய்ங்கறது அந்த பொண்ணுக்கு வெறும் வேலை பாக்கற இடமா இருந்திருக்க முடியாதுங்கறதை இங்கயே மனசுல வச்சுக்கணும், கடைசில அவங்க ஏன் ஓடிப் போகலங்கற கேள்விக்கு இதுதான் பாதி பதில்.

போர் வந்தப்ப குடும்பத்தோட உரால் பக்கம் ஸ்வெர்ட்லோவ்ஸ்க் போயிட்டாங்க, ஒரு வருஷம் ஒழுங்கான பயிற்சியே இல்ல, பாலே உடம்புக்கு அந்த வயசுல ஒரு வருஷம் போறதுங்கறது சின்ன நஷ்டம் இல்ல. ஆனா அங்கதான் சித்தி சொல்லிக் கொடுத்து 'இறக்கும் அன்னம்' முதல் தடவை ஆடினாங்க. 1943ல படிப்பை முடிச்சு பல்ஷோய்ல சேர்ந்தாங்க. 1947ல முதல் 'ஸ்வான் லேக்', வெள்ளை அன்னம் ஒடெட், கருப்பு அன்னம் ஒடீல் ரெண்டும் ஒரே ஆள் ஆடணும். அதுக்கப்புறம் 30 வருஷத்துல 800 தடவைக்கு மேல அதை ஆடியிருக்காங்க.

ஆட்டத்தைப் பத்தி கொஞ்சம் நிறுத்தி நிதானமா சொல்லணும், ஏன்னா இவங்களோட அரசியலை மட்டும் பேசிட்டு ஆட்டத்தை விட்டுடறவங்கதான் அதிகம்.

இவங்க சுத்தமான இலக்கண ஆட்டக்காரி கிடையாது. லெனின்கிராட் பள்ளியோட பெரிய ஆசிரியை வாகனோவா கொஞ்ச நாள் சொல்லிக் கொடுத்துட்டு, நீ என்கிட்ட வந்துடுன்னு கூப்பிட்டாங்க, மாயா போகல, அதை நினைச்சு கடைசி வரைக்கும் வருத்தப்பட்டாங்க. ஆனா அந்தப் பள்ளியில தேறின நிறைய பேர்கிட்ட இல்லாத ஒண்ணு இவங்ககிட்ட இருந்துச்சு. கை. தோள்ல ஆரம்பிச்சு முழங்கை, மணிக்கட்டு, விரல் நுனின்னு அலை மாதிரி ஓடும், நடுவுல எலும்புன்னு ஒண்ணு இருக்கான்னே சந்தேகம் வரும். 'இறக்கும் அன்னம்' ஆட்ட அமைப்பாளர் ஃபோகின், ஆட்டக்காரி அன்னா பாவ்லோவாவுக்காக அமைச்சது, சேன்-சான்ஸோட செல்லோ இசை, சில நிமிஷம்தான் ஓடும். மாயா அதுல மேடைக்கு வர்றப்ப முதுகைக் காட்டிக்கிட்டு வருவாங்க. முகம் தெரியாது, கையும் முதுகும் மட்டும். நான் அந்த பழைய கருப்பு வெள்ளை பதிவை எத்தனை தடவை பாத்திருப்பேன்னு கணக்கே இல்ல, ஒவ்வொரு தடவையும் அந்த முதல் பத்து செகண்ட்ல மூச்சை பிடிச்சுக்கறேன். ஒன்ஸ் மோர் கேட்டா திரும்பவும் ஆடுவாங்க, ஆனா ரெண்டாவது தடவை அதே மாதிரி இருக்காது, அன்னம் சாகற விதமே வேறயா இருக்கும்.

இன்னொரு பக்கம் 'தோன் கிஹோத்தே' பாலேல கித்ரிங்கற பாத்திரம். வானத்துல எகிறி முதுகை வில்லா வளைச்சு பின்னங்கால் தலையைத் தொடற அந்த தாவல், அதுக்கு அவங்க பேரையே வச்சுட்டாங்க. அதே உடம்பு, ரெண்டு வேற மனுஷங்க.

இப்படிப்பட்ட ஆளை அரசு எப்படி பயன்படுத்துச்சுன்னா, விருந்தாளி வந்தா 'ஸ்வான் லேக்' காட்டறது. டிட்டோ, நேரு, நாசர், ஈரான் ஷா, யார் மாஸ்கோ வந்தாலும் பல்ஷோய்ல உட்கார வச்சு அன்னத்தைக் காட்டுவாங்க. எல்லா தடவையும் கூட உட்கார்ந்து பாத்துப் பாத்து குருஷ்சேவுக்கே திகட்டிப் போச்சு, ராத்திரி கனவுல வெள்ளை பாலே பாவாடையும் டாங்கியும் கலந்து வருதுன்னு அவர் சொன்னதா மாயா எழுதியிருக்காங்க. 1949 டிசம்பர்ல ஸ்டாலினோட 70வது பிறந்தநாள் கச்சேரியில ஆடினாங்க, மாவோவும் அங்க இருந்தார். அப்பாவைக் கொன்னவன் முன்னாடி ஆடறாங்க. அந்த இடத்துல அவங்க மனசுல என்ன ஓடியிருக்கும்னு நான் எழுதப் போறதில்ல, அது எனக்கு உரிமை இல்லாத இடம்.

இவ்ளோ காட்டுறவங்க வெளிய ஏன் அனுப்பல? 1950கள் ஆரம்பத்துல ஒண்ணு ரெண்டு டூர் போனாங்க. 1953 கடைசில ஒரு சோவியத் கலைக்குழுவோட இந்தியாவுக்குக் கூட வந்தாங்க, அந்த டூர்ல கூட வந்த கண்காணிப்பு ஆளோட இவங்களுக்கு முட்டிக்கிச்சு. இவங்க வாய் சும்மா இருக்காது, ஏன் கூடாதுன்னு கேக்கற ரகம். ஃபைல்ல ஏற்கனவே சுடப்பட்ட அப்பா இருக்கார். யூதக் குடும்பம், அமெரிக்காவுல சொந்தக்காரங்க வேற. மாஸ்கோல பிரிட்டிஷ் தூதரக ஆள் ஒருத்தரோட பேசிப் பழகினது இன்னொரு சந்தேகம். எல்லாம் சேர்ந்து இவங்க மேல 'நெவியெஸ்த்னாயா', அதாவது வெளிநாடு போக விடக்கூடாதவங்கங்கற முத்திரை விழுந்துச்சு. அந்த முத்திரை எழுத்துல வராது, யார் போட்டாங்கன்னு தெரியாது, எதிர்த்து மனு போட ஆபீஸ் கிடையாது. விமானம் ஏற வேண்டிய நாளுக்கு முன்னாடி லிஸ்ட்ல பேர் இருக்காது. இவங்க கார் எங்க போனாலும் பின்னாடியே சோவியத் உளவுத்துறை கேஜிபியோட கார் போகும், வாசல்ல ராத்திரி பகல் நிக்கும். இந்தியாவுக்கு அப்புறம் மத்த எல்லா பெரிய டூரும் மூடிப் போச்சு, லண்டனும் அப்படித்தான் போச்சு.

1956 கைதட்டலால உடனே எதுவும் மாறல. ஆனா அன்னிக்கு ரெண்டு பக்கத்துக்கும் ஒரு உண்மை தெரிஞ்சுது: இவங்கள பூட்டி வச்சா உள்ளூர்லயே தலைவலின்னு அரசுக்கு, ஜனங்க நம்ம பக்கம்னு இவங்களுக்கு.

1958 அக்டோபர்ல இசையமைப்பாளர் ரோதியோன் ஷெத்ரினைக் கல்யாணம் பண்ணிக்கிட்டாங்க, அவர் ஏழு வயசு சின்னவர், கவிஞர் மாயாகோவ்ஸ்கியோட காதலியா இருந்த லீல்யா பிரிக் வீட்லதான் ரெண்டு பேருக்கும் பழக்கம். குருஷ்சேவுக்கு நேரடியா ஒரு லெட்டர் எழுதினாங்க, என்னை நம்பாம இருக்கறது வலிக்குதுங்கற மாதிரி. இதை குருஷ்சேவே தன் நினைவுகள்ல சொல்லியிருக்கார்: போனா திரும்பி வரமாட்டாங்கன்னு மத்தவங்க பயந்தாங்க, நான்தான் நம்பி விடலாம்னேன்னு. 1959ல நிகழ்ச்சி ஏற்பாட்டாளர் ஹுரோக் ஏற்பாடு பண்ண அமெரிக்க டூர். புருஷன் மாஸ்கோல, பிணையா. மாயா போனாங்க, நியூயார்க்கை கலக்கினாங்க, திரும்பி வந்தாங்க. அதே வருஷம் 'சோவியத் மக்கள் கலைஞர்' பட்டம்.

டூர்னா சொகுசுன்னு நினைச்சுடக் கூடாது. அங்க சம்பாதிச்சதுல பெரும்பகுதி தூதரகத்துல கட்டணும். கையில மிஞ்சற கொஞ்ச டாலர்ல வீட்டுக்கு ஏதாவது வாங்கிட்டு போகணுமேன்னு ஆட்டக்காரங்க மாஸ்கோல இருந்தே டின் சாப்பாட்டை சூட்கேஸ்ல அடைச்சு எடுத்துட்டு வந்து ஓட்டல் ரூம்ல சூடு பண்ணி சாப்பிடுவாங்க. ராத்திரி மேடையில இளவரசி, ரூமுக்கு வந்தா டின் மீனு. மாயா இதையெல்லாம் மறைக்காம பின்னாடி எழுதினாங்க, அதுக்காகவே அவங்கள எனக்கு ரொம்பப் பிடிக்கும். 1962 டூர்ல ராபர்ட் கென்னடியை சந்திச்சாங்க, ரெண்டு பேரும் ஒரே நாள் பிறந்தவங்க, ஒரே வருஷம் கூட, அதுல ஆரம்பிச்ச நட்பு.

1960ல, அதுவரைக்கும் முதல் இடத்துல இருந்த ஆட்டக்காரி உலானோவா ஆட்டத்தை விட்டதும் பல்ஷோய்ல முதல் இடம் இவங்களுக்குன்னு ஆயிடுச்சு. 1964ல லெனின் பரிசு. 1966 பிப்ரவரில ஸ்டாலினுக்கு மறுபடி மாலை போடப் பாக்கறாங்கன்னு பயந்து 25 பேர் பிரெஷ்னெவுக்கு ஒரு கடிதம் எழுதினாங்க, விஞ்ஞானி கபீட்சா, சாகரோவ் எல்லாம் கையெழுத்துப் போட்ட அதுல மாயாவோட கையெழுத்தும் இருக்கு. சுடப்பட்ட அப்பாவுக்கு இவங்க செஞ்ச திதின்னுதான் எனக்கு அதைப் பாக்கத் தோணுது.

அடுத்தது கார்மென். இந்த கேஸோட மையமே இதுதான்.

பல்ஷோய்ல கொடுத்த பாத்திரத்தையே சுத்தி சுத்தி ஆடி அலுத்துப் போச்சு அவங்களுக்கு. கார்மென் ஆடணும்னு ரொம்ப நாள் ஆசை. இசைக்கு இசையமைப்பாளர் ஷோஸ்தகோவிச்சைக் கேட்டாங்க, 'கார்மென்' ஓபராவை எழுதின பிஸேயோட மெட்டு ஜனங்க காதுல ஊறிப் போனது, அதோட போட்டி போட பயமா இருக்குன்னு ஒதுங்கிட்டார். இன்னொரு இசையமைப்பாளர் கச்சதூரியனும் பண்ணல. கடைசில வீட்லயே இருந்த ஷெத்ரின் உட்கார்ந்தார். பிஸேயோட மெட்டையே எடுத்து, ஊது கருவி ஒண்ணு கூட இல்லாம, தந்தியும் தாளக்கருவியும் மட்டும் வச்சு 20 நாள்ல எழுதி முடிச்சார். ஆட்டம் அமைக்க கியூபாவுல இருந்து அல்பெர்த்தோ அலோன்சோ. மேடை அமைச்சது மாமா பையன் போரிஸ் மெஸ்ஸரர், மாடு சண்டை போடற வட்டக் களத்தையே மேடையாக்கிட்டார். ஒரு தகவல் சொல்லணும், சிறைக்குப் போன அந்த எட்டு மாசக் குழந்தை அஸாரி அப்ப கியூபாவுல பாலே நட்சத்திரம் அலிசியா அலோன்சோவோட ஜோடியா ஆடிட்டிருந்தார்.

1967 ஏப்ரல் 20, முதல் காட்சி. ஹால்ல ஒரு குழப்பமான அமைதி, பாதி பேருக்கு என்ன பண்றதுன்னே தெரியல. 'ஸ்வான் லேக்' பாத்துப் பழகின கண்ணுக்கு, இடுப்பை ஆட்டி, குதிகாலை ஊனி நடந்து, காதலன் இடுப்புல காலைச் சுத்தற பொண்ணு எப்படி இருந்திருக்கும்? கலாச்சார அமைச்சர் ஃபுர்த்சேவா கொதிச்சுப் போயிட்டாங்க, ஸ்பெயின் மக்களோட நாயகியை இப்படி நடத்தை கெட்டவளா ஆக்கிட்டீங்களேன்னு. 22ம் தேதி ரெண்டாவது காட்சி ரத்து, அதுக்குப் பதிலா 'நட்கிராக்கர்'னு முடிவாச்சு.

அப்புறம் நடந்த பேரம்தான் முக்கியம். மாயாவும் ஷெத்ரினும் ரெண்டாவது காட்சி முடிஞ்சு விருந்துக்கு ஏற்பாடு பண்ணி எல்லாரையும் கூப்பிட்டுட்டாங்க. காட்சி ரத்தாகி விருந்து மட்டும் நடந்தா அதுவே கண்டனக் கூட்டமா ஆயிடும்னு சொன்னப்ப அதிகாரிகள் யோசிச்சாங்க. காதல் ஆட்டத்தை வெட்டறோம், ஆடை நீளத்தை மாத்தறோம்னு இவங்களும் இறங்கி வந்தாங்க. அந்த வெட்டின இடத்துல திரையை இழுத்துட்டு இசை மட்டும் ஓடுச்சு. பெரிய சமரசம்தான், ஆனா அதால காட்சி உயிரோட இருந்துச்சு. கார்மென் செத்துடும்னு அமைச்சர் சொன்னப்போ, நான் சாகறப்போதான் கார்மென் சாகும்னு இவங்க பதில் சொன்னாங்க. அந்த வருஷம் மான்ட்ரியல் உலகக் கண்காட்சிக்குப் போற டூர்ல கார்மெனைத் தூக்கிட்டாங்க, அப்படின்னா நானும் வரலன்னு கனடா போகவே மறுத்துட்டாங்க.

ஆறு வருஷம் பாஸ்போர்ட்டுக்காக ஏங்கின அதே ஆள் இப்ப "போக மாட்டேன்"னு சொல்றாங்க பாருங்க. 1956ல போக விடாதது அரசோட ஆயுதம், 1967ல போக மறுக்கறது இவங்க ஆயுதம். விளம்பரத்துல இவங்க பேரைப் போட்டு டிக்கெட் விக்கற டூர் கம்பெனிக்கு இவங்க இல்லாம கஷ்டம், அந்த கஷ்டம் திரும்பி அமைச்சகத்துக்குத்தான் வரும். ஷோஸ்தகோவிச் ஆதரவாப் பேசினார், பிரதமர் கொசிகின் வந்து பாத்துட்டு எதிர்ப்பு ஒண்ணும் சொல்லல, கொஞ்சம் கொஞ்சமா வெட்டினதெல்லாம் திரும்ப வந்துச்சு. 350 தடவை பக்கம் கார்மென் ஆடியிருக்காங்க.

அதுக்கப்புறம் 'அன்னா கரேனினா' 1972ல, ஆட்டத்தை அவங்களே சேர்ந்து அமைச்சாங்க, உடை பியர் கார்தான். 1975ல பிரஸ்ஸல்ஸ்ல ஆட்ட அமைப்பாளர் பெஜாரோட 'போலேரோ', 50 வயசை ஒட்டி. சிவப்பு மேசை மேல ஒத்த ஆள், சுத்தி ஆண்கள், இசை ஏற ஏற நிக்காம ஆடணும், அசைவோட வரிசை மனசுல நிக்கவே இல்ல அவங்களுக்கு. பெஜார் ஹாலோட பின்னாடி, வெளிச்சத்துல நின்னுக்கிட்டு, அடுத்து என்னன்னு கையால காட்டிட்டே இருந்தார், ஜனங்களோட தலைக்கு மேல அவரைப் பாத்துக்கிட்டே ஆடி முடிச்சாங்க.

இவ்ளோ இருந்தும் ஏன் ஓடல? மத்த சோவியத் பாலே நட்சத்திரங்கள்ல நுரேயெவ் 1961ல மேற்குக்கு ஓடிப் போனார், மகரோவா 1970ல, பரிஷ்னிகோவ் 1974ல. 1980ல சித்தி சுலமித்தே 70 வயசு தாண்டினப்புறம் டோக்கியோல பையனோட தஞ்சம் கேட்டுட்டாங்க. மாயாவுக்கு வாய்ப்பு வராத டூரே இல்ல. ஒரு காரணம் பிணையா இருந்த புருஷன், அதை எல்லாரும் சொல்வாங்க. அவங்க சொன்ன இன்னொரு காரணம் எனக்கு அதைவிட கனமா தெரியுது: பல்ஷோய் மேடை மாதிரி இன்னொரு மேடை உலகத்துல இல்லன்னாங்க. அனாதை இல்லத்துக்குப் போக வேண்டிய பொண்ணை வச்சுக்கிட்ட இடம் அது. நம்பி விட்ட குருஷ்சேவுக்கு கொடுத்த வாக்கும் ஒரு காரணமா சொல்லியிருக்காங்க. அவங்க தப்பு பண்ணாங்கன்னு சொல்றவங்களோட என்னால ஒத்துப் போக முடியல. கார்மென் மாஸ்கோல நடந்ததாலதான் கார்மென் ஆச்சு, பாரிஸ்ல ஆடியிருந்தா அது இன்னொரு நல்ல பாலே, அவ்ளோதான்.

கடைசில அவங்கள பல்ஷோய்ல இருந்து நகர்த்தினது கேஜிபி கூட இல்ல, உள்ள நடந்த சண்டை. தலைமை ஆட்ட அமைப்பாளர் கிரிகோரோவிச்சோட பல வருஷ மோதல், புதுசா எதுக்கும் இடம் கொடுக்காம தியேட்டர் இறுகிப் போச்சுன்னு வெளிப்படையா பேசினாங்க. 80கள்ல ரோம்லயும் அப்புறம் மாட்ரிட்லயும் பாலே குழுவை நடத்தினாங்க. 1990 ஜனவரில பல்ஷோய்ல கடைசி ஆட்டம், ஷெத்ரின் இசையமைச்ச 'நாய்க்குட்டியுடன் ஒரு பெண்மணி'. 1991 ஆகஸ்ட்ல மாஸ்கோல ஆட்சியைக் கவுக்கப் பாத்தப்ப டிவியில செய்திக்குப் பதிலா 'ஸ்வான் லேக்' ஓட்டிட்டே இருந்தாங்க, விருந்தாளிக்குக் காட்டின அதே அன்னத்தை சொந்த ஜனங்களுக்கு முன்னாடி திரையா இழுத்து விட்டுட்டாங்க. அதுக்குள்ள மாயாவும் ஷெத்ரினும் மூனிக்ல குடியேறிட்டாங்க, சட்டப்படி, பாஸ்போர்ட்டோட. 70 வயசுலயும் மேடை ஏறினாங்க.

2015 மே 2, மூனிக்ல மாரடைப்பு. உயில்ல எழுதி வச்சிருந்தாங்க, ரெண்டு பேரோட சாம்பலையும் ஒண்ணா கலந்து ரஷ்யா மேல தூவணும்னு. அடுத்த வருஷம் அவங்க பிறந்தநாள் அன்னிக்கு மாஸ்கோல போல்ஷாயா திமித்ரோவ்கா தெருவுல, பல்ஷோய்ல இருந்து நடந்து போற தூரத்துல, ஒரு சிலை திறந்தாங்க. கார்மென் கோலத்துல கைய உயர்த்தி நிக்கிறாங்க.